கையெட்டும் தூரம்

அரையடி உயரத்தில் ஒரு மரப்படி. மேலே ஒட்டிய கறுப்பு ரப்பர் விரிப்பு நடுவில் தேய்ந்து அடிப்பலகை தெரிகிறது. மூன்று பக்கமும் தடுப்பு. நான்காவது பக்கம் ஒரு திரைச்சீலை, எப்போதும் பாதி ஒதுங்கியே இருக்கும். பெண்கள் ஒவ்வொருவராக அந்தப் படியில் ஏறிக் கைகளை விரிக்கிறார்கள். எதிரே நிற்பவரின் வலக்கையில் உலோகம் காட்டும் கருவி. இடக்கை வெறுங்கை. அந்த வெறுங்கை தோளில் தொடங்கி, கக்கத்தின் கீழே இறங்கி, இடுப்பைச் சுற்றி, உடுப்பில் பை இருக்கும் இடங்களில் மட்டும் ஒருகணம் தங்குகிறது. கருவி அதன் பின்னாலேயே போகிறது. ஐந்து வினாடி. முகவாயை லேசாக அசைக்கிறார். ஏறியவர் இறங்க, அடுத்தவர் ஏறுகிறார்.

பெங்களூரு 'நம்ம மெட்ரோ'வின் கிழக்குப் பக்கம், ரயில்வே ஸ்டேஷனை ஒட்டியிருக்கும் நிலையங்களில் ஒன்று இது. எது என்று எழுதப்போவதில்லை. இந்த எழுத்தால் அந்தப் பெண்மணியை யாரும் கூப்பிட்டு ஒரு கேள்வி கேட்டுவிடக் கூடாது. அவருக்கு நாற்பது வயது இருக்கலாம். தனியார் ஏஜென்சிச் சீருடை, தோளில் விசில் கயிறு, கொண்டையின் மேல் வலை. காதில் சிறு கல் தோடு. மூக்குத்தி போட்ட துளை இருக்கிறது, மூக்குத்தி இல்லை. பெயர்ப்பட்டை குத்தியிருக்கிறார். அதில் இருக்கும் பெயரைச் சொல்லி யாரும் அவரை அழைத்து நான் கேட்டதில்லை.

என்னுடன் வேலை பார்க்கும் தோழி வேறு பஸ்ஸில் வந்து இங்கே சேர்ந்துகொள்வாள். அவள் வரும்வரை ஸ்கேனருக்கு எதிரே தூணோரம் நிற்பேன். நிலையத்தைப் பற்றி இதில் இருப்பவை, அங்கிருந்து பார்த்ததும், நானும் அந்தப் படியில் ஏறி நின்றபோது பட்டதும்தான். அவரிடம் பேசவில்லை. பேசியிருக்கலாம். பின்னால் வரிசை நிற்கிறது, ஒரு வார்த்தைக்கு இரண்டு வினாடி என்றாலும் அவருக்குத்தான் அதட்டல் விழும். அதோடு, நாளெல்லாம் பிறருக்காக நிற்கிறவரிடம் என் ஆவலுக்காகவும் கொஞ்சம் நில்லுங்கள் என்று சொல்ல மனம் வரவில்லை.

முதலில் கண்ணில் பட்டது, படியில் ஏறுகிறவர்களின் பார்வை எங்கே போகிறது என்பது. யாரும் அவர் முகத்தைப் பார்ப்பதில்லை. சிலருக்குத் தங்கள் பை ஸ்கேனரின் மறுபக்கம் வந்துவிட்டதா என்ற கவலை. சிலர் தலைக்கு மேல் தொங்கும் பலகையில் அடுத்த ரயிலுக்கு எத்தனை நிமிடம் என்று பார்க்கிறார்கள். காதில் கருவி மாட்டியவர்கள் வேறு எங்கோ இருக்கும் ஒருவரோடு பேசிக்கொண்டே கையை விரிக்கிறார்கள். இளம்பெண்கள் பலர் கண்ணை மூடிக்கொள்கிறார்கள், கூச்சத்தால் இருக்கலாம். அவரும் அவர்களைப் பார்ப்பதில்லை. அவர் பார்வை எதிரிலிருப்பவரின் தோளுக்கு மேலே தடுப்பின் ஒரு மூலையில் நிற்கிறது. அரிசியில் கல் பொறுக்கும் விரல்களைப் போலக் கை தன் வேலையைத் தானே பார்க்கிறது. ஒரு கைக்குள் அடங்கும் தூரத்தில் இரண்டு பெண்கள் நிற்கிறார்கள். ஒருவர் மூச்சு இன்னொருவர் கழுத்தில் படுகிறது. இரண்டு பேரும் அங்கே இல்லை.

இந்த ஊரில் மெட்ரோ ஓடத் தொடங்கியது 2011 அக்டோபர் 20-இல், பையப்பனஹள்ளியிலிருந்து எம்.ஜி. ரோடு வரைக்கும். அன்றைக்கு அது வேடிக்கை பார்க்கப் போகிற வண்டி. 2023 அக்டோபரில் ஊதாத் தடம் ஒயிட்ஃபீல்டிலிருந்து செல்லகட்டா வரை முழுதாகத் திறந்தது. 2025 ஆகஸ்டில் ஆர்.வி. ரோட்டிலிருந்து பொம்மசந்திராவுக்கு மஞ்சள் தடம் வந்தபோது, எல்லாத் தடங்களிலும் சேர்த்து ஒரே நாளில் பத்து லட்சம் பேருக்கு மேல் ஏறி இறங்கினார்கள். அத்தனை பேரும் ஏதோ ஒரு நிலையத்தில் ஏதோ ஒரு கையின் கீழ் நின்றுதான் உள்ளே போயிருக்கிறார்கள். ஒருவருக்கு ஐந்து வினாடி என்றால் நிமிடத்துக்குப் பன்னிரண்டு பேர், மணிக்கு 720 பேர். காலைக் கூட்டம் மூன்று மணி நேரம் நீடித்தால் இரண்டாயிரத்துக்கு மேல். ஒரு கிராமத்துத் தேரோட்டத்துக்குக் கூடுகிற சனத்தை, தினமும், ஒருவர் விடாமல் தொட்டு அனுப்புகிறார் ஒரு பெண்.

மேலே ரயில் வரும்போது அறிவிப்புக் குரல் படிக்கட்டு வழியாகக் கீழே இறங்கி வரும். நிதானமான, தெளிவான கன்னடம். அந்தக் குரலுக்கு உரியவர் அபர்ணா. இயக்குநர் புட்டண்ண கணகால் படத்தில் நடிகையாக அறிமுகமாகி, தொலைக்காட்சியிலும் மேடைகளிலும் தொகுப்பாளராகக் கர்நாடகம் முழுக்கத் தெரிந்தவர். 2024 ஜூலை 11-இல் புற்றுநோயால் இறந்துபோனார். அவரைத் திரையில் பார்த்திராதவர்களும் வீட்டில் ஒருவர் போனதுபோல வருத்தப்பட்டார்கள். காலையும் மாலையும் காதில் விழுந்த குரல் அல்லவா. பதிவான குரலுக்குக் களைப்பு கிடையாது, ஒரே வாக்கியத்தை ஆயிரம் தடவை சொன்னாலும் அதே கனிவு. ஊர் அந்தக் கனிவைத் தனக்கே சொன்னதாக எடுத்துக்கொண்டது, அதில் தவறும் இல்லை. படியின் அருகே நிற்கிற இந்தக் கையும் காலையும் மாலையும் அதே ஊரின் மேல் பட்டுக்கொண்டுதான் இருக்கிறது. இந்தக் கையை மட்டும் யாரும் தனக்கென்று எடுத்துக்கொள்ளவில்லை.

கைக்குத் தெரியும் விஷயங்கள் பல இருக்க வேண்டும். கருவி கீச்சிட்டால் அது இடுப்புக் கொக்கியா, சட்டைப் பையில் இருக்கும் சில்லறையா, வளையலா என்று அவர் குனிந்து பார்ப்பதில்லை. சத்தத்தை வைத்தே முகவாயை அசைத்துவிடுகிறார். மழையில் நனைந்து வருகிறவர்களின் துணி, காய்ச்சலோடு வேலைக்குப் போகிற உடம்பின் சூடு, ஓடி வந்தவளின் நெஞ்சுத் துடிப்பு, எல்லாம் அந்த உள்ளங்கையில் ஒருகணம் பட்டுப் போகின்றன. வயதான அம்மாக்கள் படியில் ஏறத் தடுமாறும்போது அவர் தோளைப் பிடித்துக்கொள்கிறார்கள். அவர் தொடுகிற வேலையில், அவரைத் தொடுகிறவர்கள் அவர்கள் மட்டும்தான். குழந்தைகள் இரண்டு கைகளையும் நன்றாக விரித்து, விமானம் பறப்பதாக நினைத்துக்கொண்டு நிற்கின்றன. அப்போது மட்டும் அவர் பார்வை தடுப்பின் மூலையிலிருந்து இறங்கி வருகிறது. கருவியால் குழந்தையின் வயிற்றில் சும்மா ஒரு தட்டு. குழந்தை சிரிக்கும். அம்மா இழுத்துக்கொண்டு போய்விடுவாள்.

கர்ப்பிணிகள் வந்தால் கருவியைக் கீழே இறக்கிவிடுவார். அதனால் ஒன்றும் ஆகாதுதான், ஆனாலும் இறக்கிவிடுவார். கையை மட்டும் முதுகுப் பக்கமாகக் கொண்டுபோய், வயிற்றைத் தொடாமல் எடுத்துவிடுவார்.

ஒருநாள் காலையில் ஒரு பெண் அழுதுகொண்டே வந்தாள். இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயது. தோள்பையைத் தட்டில் போட்டுவிட்டு வரிசையில் நின்றாள். கண்ணீர் வழிந்துகொண்டே இருந்தது, துடைக்கவும் இல்லை. முன்னால் நின்றவர்கள் திரும்பிப் பார்த்துவிட்டு மரியாதையாக முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அவள் முறை வந்தது. படியில் ஏறிக் கைகளை விரித்தாள். அழுகிற ஒருத்தி இரண்டு கைகளையும் விரித்து நிற்பதைப் பார்க்கச் சகிக்கவில்லை. எந்த வீட்டிலும், எந்தத் தெருவிலும் அப்படி நிற்கிற பெண்ணை எதிரில் இருக்கும் பெண் அணைத்துக்கொள்வாள். காவல்காரப் பெண்மணியின் இடக்கை தோள்வரை போயிற்று. பின்னாலிருந்து யாரோ கன்னடத்தில் 'பேக பேக', சீக்கிரம் சீக்கிரம், என்றார்கள். கை அந்தத் தோளைத் தொடாமலே இறங்கியது. கருவியையும் ஓட்டவில்லை. 'போ' என்பதுபோலத் தலையை மட்டும் ஆட்டினார். சோதிக்காமல் விட்டதுதான் அந்த ஐந்து வினாடிக்குள் அவரால் கொடுக்க முடிந்த ஆறுதல். அந்தப் பெண்ணுக்கு அது தெரிந்திருக்குமா என்று எனக்கு இன்றுவரை மனசு ஆறவில்லை. அடுத்து ஏறியவருக்கு வழக்கம்போல எல்லாம் நடந்தது.

நடுவில் இடம் மாற்றிக்கொள்வார்கள். ஸ்கேனர் திரைக்கு முன்னால் ஒரு நாற்காலி உண்டு. அதில் உட்கார்ந்திருப்பவர் எழுந்து படிக்குப் போக, இவர் வந்து உட்காருவார். உட்கார்ந்த உடனே ஷூவின் குதிப்பக்கத்திலிருந்து காலை உருவி, விரல்களை மடக்கி மடக்கி விரிப்பார். கண் திரையில் இருக்கும். எக்ஸ்ரே திரையில் உலோகம் நீலமாகவும், உணவு, துணி, காகிதம் போன்றவை ஆரஞ்சாகவும், இரண்டும் கலந்தவை பச்சையாகவும் தெரியும். பட்டைக்குள் பைகள் போய்க்கொண்டே இருக்கின்றன. நீல வட்டத்துக்குள் ஆரஞ்சு என்றால் எவர்சில்வர் டப்பாவில் சோறு. இரண்டு அடுக்கு, மூன்று அடுக்கு. லேப்டாப், அதன் வயர், குடைக்கம்பி, தண்ணீர் பாட்டில், மாத்திரை அட்டை, சாவிக்கொத்து, ஒரு பையில் சின்னஞ்சிறு செருப்பு ஜோடி. இந்த ஊரின் மதியச் சாப்பாடு முழுவதையும் காலை பத்து மணிக்குள் பார்த்துவிடுகிறவர் இவராகத்தான் இருப்பார். யாருடையது என்று மட்டும் தெரியாது. பையின் உள்ளே இருப்பது தெரிகிறது, பைக்கு உரியவர் தெரிவதில்லை. படியில் நிற்கும்போது உடம்பு தெரிகிறது, ஆள் தெரிவதில்லை. இப்படித் துண்டு துண்டாக மனிதர்களைத் தினமும் பெற்றுக்கொண்டு, எங்கேயும் ஒரு முழு மனிதரைச் சந்திக்காமல் வீடு திரும்புவதைத் தனிமை என்றுதான் சொல்ல வேண்டும். ஆளில்லாத இடத்தில் வருகிற தனிமைக்காவது ஒரு ஓய்வு உண்டு.

அமெரிக்கச் சமூகவியலாளர் ஆர்லி ஹாக்ஸ்சைல்ட் 1983-இல் 'தி மேனேஜ்டு ஹார்ட்' என்றொரு நூல் எழுதினார். டெல்டா விமான நிறுவனத்தின் பணிப்பெண்களைக் கூர்ந்து பார்த்து எழுதியது. புன்னகையும் அவர்கள் செய்யும் வேலையின் ஒரு பகுதி, அதற்கும் சேர்த்துத்தான் சம்பளம், அப்படிச் சிரித்துச் சிரித்து ஒரு கட்டத்தில் தன் சிரிப்பு எது, கம்பெனியின் சிரிப்பு எது என்று அவர்களுக்கே பிரித்தறிய முடியாமல் போகிறது என்றார். கடன் வசூலிக்கும் ஆட்களையும் அதே நூலில் பார்த்தார். அவர்களுக்குக் கடுகடுப்பு வேலை. பெங்களூருக்கு இதில் முதல் வகை வேலை புதிதல்ல. 2000-க்குப் பிறகு கால் சென்டர்கள் பெருகிய காலத்தில் நம் பிள்ளைகள் இரவெல்லாம் விழித்து, வேறொரு பெயர் வைத்துக்கொண்டு, வேறொரு நாட்டு உச்சரிப்பில், திட்டுகிறவர்களிடமும் கனிவாகப் பேசினார்கள். அதைப் பற்றி நாவல்கள் வந்தன, படங்கள் வந்தன, ஆய்வுகள் வந்தன. வரவேண்டியதுதான். ஆனால் சோதனைப் படியில் நிற்கிறவருக்குச் சிரிப்பும் கூடாது, கடுகடுப்பும் கூடாது. சிரித்தால் அலட்சியம், முறைத்தால் புகார். அவர் விற்க வேண்டியது ஒன்றும் இல்லாத ஒரு முகம். முன்பின் அறியாத பெண்ணின் உடம்பைத் தொட்டுக்கொண்டே முகத்தில் எதுவும் இல்லாமல் வைத்திருப்பது எவ்வளவு பெரிய உழைப்பு என்பதைக் கணக்கில் எழுத ஒரு ஏடு இருப்பதாகத் தெரியவில்லை.

கால்களைப் பற்றியாவது சட்டம் பேசத் தொடங்கியிருக்கிறது. கோழிக்கோட்டின் மிட்டாய்த் தெருவில் துணிக்கடைகளில் நின்றே வேலை செய்த பெண்கள், உட்காரவும் கழிப்பறைக்குப் போகவும் உரிமை கேட்டுப் போராடினார்கள். தையல் தொழிலாளியான விஜி முன்னின்று நடத்திய 'பெண்கூட்டு' அமைப்பு அதில் முக்கியமானது. 2018-இல் கேரளம் சட்டத்தைத் திருத்தியது. 2021 செப்டம்பரில் தமிழ்நாடும் கடைகள், நிறுவனங்களுக்கான சட்டத்தில் ஒரு பிரிவு சேர்த்து, வேலை செய்கிறவர் எல்லோருக்கும் இருக்கை தர வேண்டும் என்றது. ரங்கநாதன் தெருக் கடைகளில் நின்று கால் நரம்பு சுருண்டவர்களை 2010-இல் வந்த 'அங்காடித் தெரு' படத்தில் பார்த்தவர்களுக்கு இந்தத் திருத்தம் எவ்வளவு தாமதம் என்று புரியும். அதுவும் கடைகளுக்கும் நிறுவனங்களுக்கும்தான். வாசல்களில் நிற்கிறவர்கள், வேறொருவர் இடத்தில் வேறொருவர் சம்பளத்தில் நிற்கிறவர்கள். இங்கே இடம் ஒருவருடையது, சீருடை இன்னொருவருடையது. நாற்காலியை யாரிடம் கேட்பது என்பதே தெளிவாக இருப்பதில்லை.

படியருகே அவர் நிற்கிற விதத்தைப் பார்த்தால் மணியைச் சொல்லிவிடலாம். காலையில் இரண்டு காலிலும் சமமாக நிற்கிறார். பத்தரை மணிக்கு வலக்கால், பிறகு இடக்கால், மாறி மாறி. சாயங்காலம் அந்த வழியாகத் திரும்பும்போது சில நாள் அவரே இருப்பார். அப்போது இடுப்பைத் தடுப்பில் முட்டுக்கொடுத்துச் சாய்ந்திருப்பார். அடுத்த ஆள் வரவில்லை என்று பொருள். செக்யூரிட்டிக்காரர்கள் பேச்சில் அதற்கு 'ரிலீவர் வரல' என்று பெயர்.

பங்காரப்பேட்டையில் என் அத்தை வீடு. சனிக்கிழமைகளில் சில வாரம் மாரிகுப்பம் வண்டியில் போவேன். அப்படி ஒரு சாயங்காலம், பெண்கள் பெட்டியில் எனக்கு எதிர் சீட்டில் அவர் வந்து உட்கார்ந்தார். சீருடைச் சட்டைக்கு மேல் ஒரு பழைய ஸ்வெட்டர். தலை வலையை எடுத்திருந்தார். என்னை அடையாளம் தெரியவில்லை, தெரிய வழியும் இல்லை. தினமும் ஆயிரம் தோள்களில் என் தோளும் ஒன்று.

அந்த வண்டியைப் பற்றிச் சொல்ல வேண்டும். விடிவதற்கு முன்னால் மாரிகுப்பம், சாம்பியன், ஊரிகம், கோரமண்டல் என்று கோலார் தங்கவயலின் சின்னச் சின்ன ஸ்டேஷன்களில் ஆட்களை ஏற்றிக்கொண்டு, பங்காரப்பேட்டை வந்து, அங்கிருந்து எழுபது கிலோமீட்டர் ஓடிப் பெங்களூரு சேர்கிறது. ஒரு வழிக்கு இரண்டு மணி நேரத்துக்குக் குறையாது. வருகிறவர்கள் பெரும்பாலும் தமிழர்கள். செக்யூரிட்டி, ஹவுஸ்கீப்பிங், பில்லிங், ஆஸ்பத்திரி ஆயா, மால்களில் தரை துடைப்பவர்கள், கார்மென்ட்ஸ் பெண்கள். இவர்கள் தாத்தா, பாட்டன்மார் வடஆற்காட்டிலிருந்தும் சித்தூர், சேலம் பக்கமிருந்தும் 1880-க்குப் பிறகு ஜான் டெய்லர் கம்பெனிச் சுரங்கங்களுக்கு வந்து இறங்கியவர்கள். மூன்று கிலோமீட்டருக்கு மேல் ஆழத்தில், பாறை கொதிக்கிற வெக்கையில் தங்கம் வெட்டினார்கள். 2001 பிப்ரவரி 28-இல் சுரங்கங்களை மூடினார்கள். ஊரும் லைன் வீடுகளும் அங்கேயே இருக்கின்றன, வேலை மட்டும் இந்த வண்டி போய்ச் சேரும் இடத்தில் இருக்கிறது.

சுரங்கத்திலிருந்து மேலே வரும் தொழிலாளி ஒரு குன்றிமணித் தங்கத்தையாவது ஒளித்துக்கொண்டு வருகிறானா என்று உடம்பைத் தடவிப் பார்த்துத்தான் வெளியே விடுவார்கள். நாள் முழுக்க உழைத்தவன் கையை விரித்து நிற்க வேண்டும். எண் போட்ட அடையாளம், கைரேகைப் பதிவு என்று கம்பெனி கட்டுப்பாட்டை இறுக்கிக்கொண்டே போனது. 1930-இல் கைரேகை எடுப்பதை எதிர்த்து எழுந்த வேலைநிறுத்தம் 21 நாள் நீடித்தது. தங்கள் உடம்பைச் சந்தேகத்துக்குரிய பொருளாகப் பார்க்கக் கூடாது என்று அந்த மனிதர்கள் கூலியில்லாமல் மூன்று வாரம் கிடந்தார்கள். அவர்கள் பேத்திகளில் ஒருத்தி இன்று ஒரு பெருநகரத்தின் வாசலில், பிறர் உடம்பைத் தடவிப் பார்க்கிற வேலையில் நிற்கிறாள். எதிரே அமர்ந்திருந்தவரின் கைகளைப் பார்த்தபடி இதை நினைத்துக்கொண்டிருந்தேன். மடியில் கிடந்த கைகள். இடக்கை விரல்களை வலக்கை நீவிக்கொண்டிருந்தது.

ஒயிட்ஃபீல்டில் நாலைந்து பெண்கள் ஏறினார்கள். ஏறும்போதே ஒருத்தி, "இன்னாக்கா, உனுக்கு முன்னாடியே சீட்டு கெடச்சிச்சா?" என்று அவர் பக்கத்தில் இடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். வயதில் மூத்த ஒரு ஹவுஸ்கீப்பிங் அம்மா எதிரே அமர்ந்து, கேட்காமலே காலைத் தூக்கி அவர் மடியில் வைத்தார். அவரும் பேச்சை நிறுத்தாமல் அந்தக் கணுக்காலைப் பிடித்துவிடத் தொடங்கினார். பேச்சு! நிலையத்தில் முகவாயை மட்டும் அசைக்கிற அந்தப் பெண்மணிக்கு அவ்வளவு பெரிய குரல் இருக்கும் என்று நான் நினைக்கவே இல்லை. பெட்டியின் அந்தக் கோடி வரைக்கும் கேட்டது.

"ஒருத்தி வந்தா பாரு, இத்தினி ஒசரம் செருப்பு. படிமேல ஏறச் சொல்லொ ஆடிப்போயி என் தலையப் புடிச்சிக்கினா. புடிச்சவ உடணும் இல்ல? போன்ல பேசிக்கினே கீறா. 'ஐயாம் இன் எ மீட்டிங்'ங்கிறா. என் தலமேல கைய வெச்சிக்கினு மீட்டிங்கு!"

சிரிப்பு அடங்க நேரமாயிற்று. அவர் எழுந்து நின்று அந்தப் பெண் நின்ற மாதிரியே ஒரு கையை ஹவுஸ்கீப்பிங் அம்மாவின் தலையில் வைத்து, இன்னொரு கையைக் காதருகே கொண்டுபோய் நடித்துக் காட்டினார். மறுபடியும் சிரிப்பு. அப்புறம் இன்னொருத்தி மாலில் நடந்ததைச் சொன்னாள். அவள் துடைத்துக்கொண்டே பின்னால் வர, ஒரு குடும்பம் ஐஸ்கிரீமைச் சிந்திக்கொண்டே முன்னால் போனதாம். ஒரு டப்பாவில் மிச்சமிருந்த புளிச்சோறு சுற்றி வந்தது. எனக்கும் நீட்டினார்கள். ஒரு வாய் எடுத்துக்கொண்டேன். யார், எந்த ஊர் என்று கேட்டார்கள். அத்தை பெயரைச் சொன்னேன். அத்தோடு என்னை விட்டுவிட்டார்கள்.

நான் காலையில் பார்த்த வெறும் முகம் இவருடையது அல்ல. அது சீருடையோடு கொடுக்கப்பட்டது. வண்டியில் இந்த இரண்டு மணி நேரம் இல்லாவிட்டால் அந்த முகமே இவருடையதாகிவிடும் அபாயம் இருக்கிறது. இந்த ஊரில் தினம் தினம் வாசல்களில் நிற்கிற எத்தனையோ பேர் ஏஜென்சி எடுத்துக்கொடுத்த அறைக்குத் திரும்புகிறார்கள். ஒடிசாவிலிருந்தும் அஸ்ஸாமிலிருந்தும் வந்த பையன்கள். ஷிப்டு மாறி மாறி வருவதால் ஒரே அறையில் படுப்பவர்களே ஒருவரையொருவர் விழித்திருக்கும்போது பார்ப்பதில்லை. அவர்களுக்கு மாரிகுப்பம் வண்டி இல்லை. மீட்டிங் பெண்ணை நடித்துக் காட்ட ஆள் இல்லை. அன்றைக்குச் சிரித்துக்கொண்டிருக்கும்போதே அவர்கள் நினைப்பு வந்து தொண்டையை அடைத்தது.

மாலூர் தாண்டியதும் பேச்சு இறங்கியது. பிடித்துவிட்ட காலை ஹவுஸ்கீப்பிங் அம்மா எடுத்துக்கொண்டு, "உன் காலக் காட்டுடி" என்றார். அவர் பேன்ட்டைக் கணுக்காலுக்கு மேல் தூக்கினார். சாக்ஸின் விளிம்பு பதிந்து வளையமாகக் குழி விழுந்திருந்தது. அதற்குக் கீழே வீக்கம்.

"ஸ்கேனராண்ட ஒரு நாற்காலி கீது. அதுல ஒருத்தர்தான் உக்காரலாம். எனக்கு ஒரு ஸ்டூலு போதும்க்கா. கூட்டம் இல்லாத நேரத்துல உக்காந்துப்பேன்."

"கேளேன்."

"கேட்டா ஒரு பொண்ணு. வேற சைட்டுக்குத் தூக்கிப் போட்டுட்டாங்க."

"ஒருத்தியா கேட்டா தூக்கத்தான் செய்வான். காலை ஷிப்டு, மதிய ஷிப்டு எல்லாரும் சேந்து எழுதிக் குடுங்க. இங்கிலீசுல வேணும்னா எம்பொண்ணு எழுதுவா."

அவர் விரல் விட்டு எண்ணத் தொடங்கினார். நிலையத்தில் எனக்குத் தெரியாத பெயர்கள். ஆறு வந்தது. ஒரு ஆந்திராக்கார அம்மாவைச் சேர்த்தால் ஏழு.

"அந்தம்மா கையெழுத்துப் போடுமா?"

"போடும். அதுக்குத்தான் என்னைவிட வீங்குது."

"அப்ப திங்கக்கெழம குடுத்துருங்க."

"திங்கக்கெழம சூப்பர்வைசரு லீவு."

"செவ்வாக்கெழம குடு. நாளைக்கே எல்லாருக்கும் போன் போட்டுச் சொல்லிடு, அப்புறம் மறந்துட்டேங்காத."